ஐந்தாம் சுற்றின் கசிவு

யோலந்தாவுக்குக் கால்தான் பிரச்சினை. மற்ற உடம்பெல்லாம் சாதாரண மனுஷி உடம்புதான். கணுக்காலுக்குக் கீழே மட்டும் அக்டோபர் முதல் ஏப்ரல் வரை வேறு யாருடைய காலையோ இரவல் வாங்கி மாட்டிக்கொண்டது மாதிரி ஜில்லிட்டுக் கிடக்கும். பார்ப்பது தபால்காரி வேலை, அதுவும் சுவாவ்கி வட்டாரத்தில். நாட்டிலேயே குளிர் அதிகமான இடம் என்று வானிலை சொல்கிறவர்கள் தொலைக்காட்சியில் பெருமையாகக் காட்டும் வட்டாரம் அது. பெருமைப்படுகிறவர்கள் எல்லோரும் தலைநகர் வார்சாவில் குடியிருந்தார்கள்.

கல்யாணத்துக்கு முன்பு வித்தோல்ட் அவளுக்கு ஒரு வாக்குக் கொடுத்திருந்தான். ஜனவரி மாதத்தில் வெறுங்காலோடு நடக்கிற மாதிரி ஒரு வீடு கட்டித் தருவதாக. வித்தோல்ட் பள்ளிக்கூடத்தில் புவியியல் வாத்தியார். கண்டங்கள் நகரும் வேகத்தைப் பாடம் நடத்துகிறவன் கொடுத்த வாக்கு கிட்டத்தட்ட அதே வேகத்தில்தான் நிறைவேறியது. பத்தொன்பது வருஷம் இருவரும் நகரத்தில் நான்காவது மாடி அடுக்ககத்தில் இருந்தார்கள். யோலந்தா அடுப்படியில் இரண்டு ஜோடி கம்பளிச் சாக்ஸோடு நின்றாள். வித்தோல்ட் கட்டப்போகும் வீட்டுக்காகக் கோப்பு சேர்த்தான்.

இருபதாவது வருஷம் வீக்ரி ஏரிக்கரைக் கிராமத்தில் நிலம் வாங்கி, சுவர் எழுப்பி, கூரையும் போட்டாகிவிட்டது. சுவரையும் கூரையையும் வித்தோல்ட் ஒரு தொந்தரவாகத்தான் நினைத்தான். வீடு என்றால் அவனுக்குத் தரை. மற்றதெல்லாம் தரைமேல் மழை விழாமல் இருப்பதற்கான ஏற்பாடு.

"அடியில அமுக்கின மணல்," என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை மனைவிக்கு விளக்கினான். "அதுக்கு மேல மெல்லிசா ஒரு காங்கிரீட். ஈரம் ஏறாம பாலித்தீன். அப்புறம் இருபது சென்டி தெர்மாகோல். அதுக்கு மேல சுடுதண்ணிக் குழாய். குழாயை மூடி ஏழு சென்டி காங்கிரீட்."

"கேக்கு மாதிரியா?"

"கேக்கு மாதிரி இல்ல யோலா. கேக்குல தப்பு நடந்தா தின்னுடலாம்."

இந்த இடத்தில்தான் யோலந்தாவின் அண்ணன் போலெக் வேலைக்குள் காலை வைத்தான். போலெக் மூன்று வருஷம் நார்வேயில் இருந்துவிட்டு வந்தவன். போகும்போது ஒரு பையோடு போனான். வரும்போது பதினான்கு பை வைத்த சிவப்பு ஜாக்கெட்டும் உலகத்தில் எதையும் எப்படிக் கட்டுவது என்ற அறிவும் கொண்டுவந்தான். அங்கே வீடு கட்டும் வேலை என்று அவன் ஒருநாளும் சொன்னதில்லை. மற்றவர்கள் அப்படிச் சொன்னபோது மறுத்ததும் இல்லை. பெண்டாட்டி விட்டுப் போய்விட்டாள். அப்பா அம்மா விட்டுச் சென்ற பழைய வீட்டில் தனியாக இருந்தான். அதனால் தங்கை வீட்டு வேலையை மேற்பார்வை பார்க்க நேரத்துக்குப் பஞ்சமில்லை.

"இருபது சென்டியா?" என்றான் தெர்மாகோல் கணக்கைக் கேட்டதும். "மாப்ளே, வீட்டுக்குள்ள பெங்குயின் வளர்க்கப் போறியா?"

"பெங்குயின் இருக்கிறது தென் துருவத்துல, மச்சான்."

"எந்தத் துருவமா இருந்தா என்ன. நார்வேயில எட்டு சென்டிதான் போடுறாங்க."

"எந்த ஊர்ல?"

"எல்லா ஊர்லயும்."

வித்தோல்ட் கோப்பைத் திறந்தான். நார்வே நாட்டுக் கட்டட விதிகள் அதில் மஞ்சள் தாள் ஒட்டிய பக்கத்தில் இருந்தன. போலெக் அதைப் பார்க்க மறுத்தான். "புத்தகத்துல ஆயிரம் எழுதுவான். நான் நேர்ல பார்த்தவன்" என்று சொல்லிவிட்டு சிகரெட் பற்றவைத்தான். கண்ணால் கண்டவனிடம் காகிதம் வைத்திருக்கிறவன் ஜெயிக்க முடியாது.

தெர்மாகோல் வந்த அன்றைக்கு ஏரிக்காற்றும் வந்தது. லாரிக்காரன் இறக்கி வைத்த அடுக்கைக் கட்டி வையுங்கள் என்று யோலந்தா சொன்னாள். கட்டத் தேவையில்லை, கனத்துக்கு அதுவே நிற்கும் என்று போலெக் சொன்னான். தெர்மாகோலின் கனத்தைப் பற்றி இப்படி ஒரு கருத்து அதற்கு முன்போ பின்போ அந்த வட்டாரத்தில் யாரும் வெளியிட்டதில்லை. மத்தியானத்துக்குள் பதினேழு பலகைகள் பக்கத்து மக்காச்சோளக் காட்டில் மேய்ந்துகொண்டிருந்தன. ஒன்று ஏரியில் நீந்திக்கொண்டிருந்தது. புவியியல் வாத்தியாரும் தபால்காரியும் சாயங்காலம் வரை ஓடி ஓடிப் பிடித்தார்கள். போலெக் மேட்டில் நின்று எது எங்கே போகிறது என்று கை காட்டினான்.

குழாய் போட எட்மண்ட் வந்தார். அறுபதைத் தாண்டியவர். முப்பது வருஷமாக அந்த மாவட்டத்து வீடுகளுக்கெல்லாம் சூடாக்கும் குழாய் போட்டவர். ஒரு நாளைக்கு நாற்பது வார்த்தை என்று கணக்கு வைத்திருப்பவர் மாதிரி பேசுவார். அறுநூற்று இருபது மீட்டர் குழாயை எட்டுச் சுற்றாக, நத்தை ஓடு மாதிரி வளைத்து வளைத்துத் தெர்மாகோல்மேல் பதித்தார். ஒவ்வொரு சுற்றும் தாழ்வாரச் சுவரில் இருந்த இரும்புப் பெட்டிக்கு வந்து சேர்ந்தது. ஒவ்வொன்றுக்கும் தனித்தனி வால்வு.

"ஒரு சுத்துன்னா ஒரே குழாய். நடுவுல ஒட்டு கிடையாது," என்றார் எட்மண்ட். "ஒட்டு இல்லாத இடத்துல ஒழுகாது."

யோலந்தா குழாய் மறைவதற்கு முன் போட்டோ எடுத்தாள். பக்கத்தில் அளவு டேப்பை விரித்து வைத்து அறை அறையாக எடுக்கச் சொல்லியிருந்தான் வித்தோல்ட். எடுத்த எல்லாப் படத்திலும் போலெக் இருந்தான். காட்டெருமையைச் சுட்டவன் மாதிரி ஒரு காலை முன்னால் வைத்து, இடுப்பில் கை வைத்து நின்றான். தள்ளிப் போ என்றால், "அளவு தெரியணும்ல, நான் நூத்தி எண்பத்தி மூணு சென்டி" என்றான்.

காங்கிரீட் கொட்டிய அன்று போலெக்கை எங்கே வைப்பது என்பதுதான் பெரிய பொறியியல் சிக்கலாக இருந்தது. எட்மண்ட் அதை ஒரு நிமிஷத்தில் தீர்த்தார். குழாய்களில் தண்ணீர் நிரப்பி அழுத்தம் ஏற்றி, மீட்டர் முள்ளை ஆறில் நிறுத்தினார். "கொட்டும்போது எங்கயாவது குழாய் அறுந்தா முள்ளு இறங்கும். கண்ணை எடுக்காம பாருங்க. பொறுப்பான வேலை," என்று போலெக்கிடம் சொன்னார். போலெக் ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு முள்ளுக்கு எதிரே மூன்று மணி நேரம் உட்கார்ந்திருந்தான். முள் அசையவில்லை. அதற்குள் எட்மண்டும் பம்ப் லாரிக்காரனும் மட்டப்பலகை இழுத்துத் தரையைக் கண்ணாடி மாதிரி ஆக்கிவிட்டார்கள். மறுநாள் கிராமத்துக் கடையில், தன் மேற்பார்வையில் காங்கிரீட் போடப்பட்டதாகப் போலெக் சொன்னான். அதில் ஒரு வகையில் பொய்யும் இல்லை.

பிறகு நான்கு வாரம் காங்கிரீட் இறுக விட்டு, அதற்கும் பிறகு ஒரு நாளைக்கு இத்தனை டிகிரி என்று பாய்லரைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றி, டைல்ஸும் ஒட்டி, நவம்பர் கடைசியில் குடிபோனார்கள். வெளியே மைனஸ் பதினொன்று. யோலந்தா அடுப்படி வாசலில் செருப்பைக் கழற்றினாள். முதல் ஜோடி சாக்ஸைக் கழற்றினாள். இரண்டாவதையும் கழற்றினாள். வித்தோல்ட் கோப்பைக் கையில் பிடித்துக்கொண்டு பரீட்சை முடிவுக்குக் காத்திருக்கிற பையன் மாதிரி நின்றான். அவள் ஜன்னல் வரை நடந்து போனாள். திரும்பி வந்தாள்.

"என்ன?" என்றான்.

"ஒண்ணுமில்ல. இன்னொரு தடவை போயிட்டு வரேன்."

அன்று அவள் ஜன்னல் வரை பதினைந்து தடவையாவது போயிருப்பாள். பத்தொன்பது வருஷம் பொறுத்தது வீண்போகவில்லை என்று அவளுக்குத் தோன்றியது. அதை வாய்விட்டுச் சொன்னால் புருஷன் தரையின் வெப்பக் கடத்தல் பற்றி ஆரம்பித்துவிடுவான் என்பதால் சொல்லவில்லை.

டிசம்பர் முதல் சனிக்கிழமை புதுமனை விருந்து. அதற்கு முதல் நாள் இருவரும் வேலைக்குப் போயிருந்தபோது, பூனைக்குச் சாப்பாடு வைக்க வைத்திருந்த சாவியால் திறந்துகொண்டு வந்து போலெக் தன் பரிசைப் பொருத்திவிட்டுப் போனான். வார்ப்பிரும்பில் செய்த ஒரு காட்டுப்பன்றி. அடுப்படிக் கதவு சுவரில் இடிக்காமல் தடுக்க, தரையோடு நிற்கும்படி செய்தது. நல்ல பூனையளவு பெரிசு. முகத்தில் எதையோ நினைத்துக் கோபப்படுகிற பாவனை.

வித்தோல்ட் அதைப் பார்த்ததும் வெளுத்துப்போனான். "மச்சான், தரையில டிரில் போட்டியா?"

"டிரில்லா? நான் என்ன பைத்தியமா? பசை. நார்வேப் பசை. கப்பலையே ஒட்டலாம்."

விருந்துக்கு வந்தவர்கள் எல்லோரும் பன்றியை ஆட்டிப் பார்த்தார்கள். அசையவில்லை. பசையின் பெயரைக் கேட்டுக் குறித்துக்கொண்டார்கள். போலெக் ஒரு பெயர் சொன்னான். அதில் மெய்யெழுத்துகள் நிறைய இருந்தன.

அடுத்த புதன்கிழமை பாய்லர் மீட்டரின் முள் ஒன்றரையிலிருந்து ஒன்றுக்கு இறங்கியிருந்தது. புது வீடு, குழாயில் காற்று இருந்திருக்கும் என்று வித்தோல்ட் தண்ணீர் ஏற்றினான். வெள்ளிக்கிழமை மறுபடி ஒன்று. அவன் நோட்டுப் புத்தகம் போட்டான். காலை ஆறரை, மாலை நான்கு. பத்து நாளில் அவனுடைய கோப்பில் அழகான ஒரு வரைபடம் சேர்ந்தது. கோடு கீழே போய்க்கொண்டே இருந்தது. எட்டு வால்வுகளையும் ஒவ்வொன்றாக மூடித் திறந்து பார்த்ததில், ஐந்தாம் சுற்றை மூடினால் மட்டும் முள் நின்றது.

ஐந்தாம் சுற்று அடுப்படி.

அப்படியாகக் கிறிஸ்துமஸுக்கு நான்கு நாள் முன்பு ஐந்தாம் சுற்றின் வால்வு மூடப்பட்டது. வெளியே மைனஸ் பதினெட்டு. வரவேற்பறையும் படுக்கையறையும் வெயில் மாதிரி இருந்தன. அடுப்படித் தரை ஏரிமேல் உறைந்த பனிக்கட்டி மாதிரி இருந்தது. பூனை முதலில் இடம் மாறியது. யோலந்தா மாற முடியாது, சமைக்க வேண்டும். பெட்டியிலிருந்து கம்பளிச் சாக்ஸை எடுத்து மாட்டிக்கொண்டாள், இரண்டு ஜோடி.

போலெக் தினமும் மத்தியானம் சாப்பிட வந்தான். வந்து, அதே அடுப்படி மேஜையில் உட்கார்ந்து, பீட்ரூட் சூப்பைக் குடித்துக்கொண்டே காரணங்களை ஆராய்ந்தான்.

"தண்ணி ஆவியாகுது. குளிர்ல அப்படித்தான்."

"மூடின குழாய்க்குள்ள எப்படி ஆவியாகும்?"

"அப்ப பெருச்சாளி. பெருச்சாளி தெர்மாகோலைத் தின்னும், தெரியுமா?"

"காங்கிரீட்டையும் தின்னுமா?"

"நம்ம ஊர்ப் பெருச்சாளி தின்னாது." கரண்டியை நக்கிவிட்டு ஒருநாள் அவன் கடைசிக் காரணத்தையும் எடுத்து வைத்தான். "நான் சொல்லக்கூடாதுன்னு பார்த்தேன் மாப்ளே. அந்த எட்மண்ட் குழாய் பத்தாம நடுவுல எங்கயோ ஒட்டு போட்டிருப்பார். வயசாயிடுச்சுல்ல."

வித்தோல்ட் இரண்டு நாள் யோசித்தான். பழைய போட்டோக்களை எடுத்து ஒட்டு தெரிகிறதா என்று பூதக்கண்ணாடி வைத்துத் தேடினான். ஐந்தாம் சுற்றின் படத்தில் போலெக்கின் இரண்டு பூட்ஸும், விரிந்த ஜாக்கெட்டும், புன்னகையும் இருந்தன. குழாய் ஓரத்தில் ஒரு முழம் தெரிந்தது. போட்டோவிலிருந்து ஒன்றும் தேறவில்லை என்றதும் வித்தோல்ட் எட்மண்டுக்குக் கடிதம் எழுதினான். மூன்று பக்கம், இரண்டு வரைபடம், அடிக்குறிப்புகள். தங்கள் வேலையின் நேர்மை பற்றி நியாயமான ஐயம் எழுந்துள்ளது என்று ஒரு வாக்கியம்.

அந்தக் கடிதத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தது யோலந்தாதான். அவள் வழித்தடத்தில்தான் எட்மண்டின் வீடு. நான்கு நாள் கழித்து பதிலையும் அவளே கொண்டுவந்தாள். ஒரே வரி. "என் குழாயில் ஒட்டு இல்லை, இனி என்னைக் கூப்பிட வேண்டாம்."

மாவட்டத்தில் வேறு குழாய்க்காரர்கள் இருந்தார்கள். எட்மண்ட் போட்ட தரை என்றதும், அவர் போட்டதில் நாங்கள் கை வைக்க மாட்டோம் என்றார்கள். ஜனவரியில் வீடு வீடாக ஆசீர்வதிக்க வந்த பாதிரியார் வரவேற்பறையில் ஷூவைக் கழற்றிவிட்டு, வழக்கமான பத்து நிமிஷத்துக்குப் பதில் ஒரு மணி நேரம் உட்கார்ந்தார். அடுப்படிக்கும் வந்து தண்ணீர் தெளித்தார். ஒரு எட்டு வைத்ததும் திரும்பிவிட்டார். அது தரைக்கு மேலே இருக்கிறவற்றுக்கான ஆசீர்வாதம் போலிருக்கிறது. முள் ஏறவில்லை.

அதற்கு மூன்றாம் நாள், யோலந்தா இரண்டு கையிலும் துவைத்த துணிக்கூடையோடு அடுப்படிக்குள் வரும்போது காட்டுப்பன்றிமேல் முழு வேகத்தில் இடித்துக்கொண்டாள். இரண்டு சாக்ஸையும் தாண்டிப் பெருவிரல் நகம் பெயர்ந்தது. வலி தலைக்கு ஏறியபோதும் அவள் புத்தி ஒன்றைக் கவனித்தது. பன்றி ஒரு மயிரிழைகூட நகரவில்லை. அவள் எழுபது கிலோ. டைல்ஸ்மேல் எந்தப் பசையும் இதைத் தாங்காது. மண்டியிட்டு உட்கார்ந்தாள். பன்றியின் இரண்டு காதையும் பிடித்து, ஊறுகாய் ஜாடியைத் திறப்பது மாதிரித் திருகினாள். கிரீச்சென்று கால்வாசி வட்டம் திரும்பியது. அடியிலிருந்து வெள்ளைச் சிலிக்கான் பிதுங்கியது. அதன் பின்னால் தண்ணீர் சொட்டுச் சொட்டாக வந்தது.

பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பதைக் கேள்விப்பட்டிருக்கிறோம். போலெக் அதைக் காட்டுப்பன்றிக்கு அடியில் மறைத்திருந்தான்.

அவள் பன்றியைத் திருப்பிப் பழைய இடத்துக்கே கொண்டுவந்து, தண்ணீரைத் துடைத்தாள். புருஷனிடம் சொல்லவில்லை. மறுநாள் காலை தபால் பையோடு அண்ணன் வீட்டுக் கதவைத் தட்டினாள். போலெக் பனியனோடு வந்து திறந்தான்.

"என்ன தபால்?"

"தபால் இல்ல. உள்ள வா." அவன் வீட்டுக்கு அவனையே அழைத்து உட்கார வைத்தாள். "அண்ணே, பன்னியை ஒட்டின பசைக்கு என்ன பேரு?"

"அது இங்க கிடைக்காது. நார்வேல..."

"அது அழுவுது."

"எது?"

"உன் பசை. நேத்து பன்னியைத் திருகினேன். அடியிலேர்ந்து தண்ணி வந்துது."

போலெக் மேஜையில் இருந்த ரொட்டித் துணுக்குகளை விரலால் ஒன்று சேர்த்தான். ஒரு குவியலாக்கினான். பிறகு அதை இரண்டு குவியலாக்கினான்.

"எட்டு சென்டி போல்ட்டு," என்றான் கடைசியில். "பன்னி கனம்ல. டிரில் உள்ள போனதும் புஸ்னு ஒரு சத்தம். சின்ன சத்தம்தான். பாம்பு மூச்சு விடற மாதிரி. உடனே சிலிக்கானை அடைச்சு போல்ட்டை முறுக்கிட்டேன். நின்னுடுச்சுன்னுதான் நினைச்சேன்."

"நிக்கலைன்னு தெரிஞ்சப்ப?"

"நேரம் போயிடுச்சு யோலா. முதல் நாள் சொல்லியிருந்தா முட்டாள்தனம். பத்து நாள் கழிச்சுச் சொன்னா திருட்டுத்தனம். அதுக்கும் மேல போயிட்டா அதுக்குப் பேரே இல்ல."

"பேரு நான் சொல்றேன். நாலு வாரமா நான் அந்தத் தரையில சாக்ஸ் போட்டுக்கிட்டு நின்னு சமைச்சேன். நீ என் எதிர்ல உட்கார்ந்து என் காலைப் பார்த்துக்கிட்டே சூப்பு குடிச்சே. ரெண்டாந்தடவை ஊத்துன்னும் கேட்டே."

போலெக் இரண்டு குவியலையும் மறுபடி ஒன்றாக்கினான்.

"எட்மண்ட் மேல பழி போட்டே. அவர் முப்பது வருஷம் சம்பாதிச்ச பேரு."

"உன் வீட்டுல நான் செஞ்சதா ஒண்ணாவது இருக்கட்டும்னு நினைச்சேன்," என்றான். "எல்லாத்தையும் எல்லாரும் செஞ்சாங்க. நான் முள்ளைப் பார்த்துக்கிட்டிருந்தேன். அது வேலையில்லைன்னு எனக்குத் தெரியாதா?"

யோலந்தாவுக்கு அவன்மேல் இருந்த கோபத்தில் ஒரு ஓரம் இளகியது. ஒரு ஓரம்தான்.

"நார்வேயில நீ என்ன வேலை பார்த்தே?"

"ஏன் கேக்கறே?"

"உனக்கு வர்ற நார்வே வரிக் காகிதத்தை ஆறு வருஷமா நான்தான் கொண்டுவந்து போடுறேன். கவர்மேல மீன் படம் போட்டிருக்கு. தபால்காரி வெளிய சொல்லக்கூடாது, சொல்லல. நீ சொல்லு."

போலெக் ரொட்டித் துணுக்குகளை மேஜையிலிருந்து கையால் வழித்துத் தள்ளினான். "முள் எடுக்கிற வேலை," என்றான். "சால்மன்ல. சாமணம் மாதிரி ஒண்ணு குடுப்பாங்க. சதை கிழியக் கூடாது. கிழிஞ்சா அந்த மீனை ஒதுக்கிடுவாங்க."

"அது கேவலமா?"

"பன்னெண்டு பேர்ல எனக்குத்தான் ஒதுக்கின மீன் ரொம்பக் கம்மி."

"அதைச் சொல்லியிருக்கலாம், பெங்குயினுக்குப் பதிலா." அவள் பையைத் தோளில் மாட்டினாள். "சாயங்காலம் நாலு மணிக்கு வா. வித்தோல்ட்கிட்ட நீயே சொல்றே. நான் ஒரு வார்த்தை பேச மாட்டேன்."

நாலு மணிக்கு வந்தான். சிவப்பு ஜாக்கெட் போடாமல் வந்திருந்தான். டிரில் போட்டதை நின்றுகொண்டே சொன்னான். வித்தோல்ட் கத்துவான் என்று யோலந்தா எதிர்பார்த்தாள். வித்தோல்ட்டின் முகத்தில் முதலில் வந்தது நிம்மதி. கோடு கீழே போனதற்கு ஆறு வாரமாகத் தேடிய காரணம் கிடைத்துவிட்டது.

"செங்குத்தா போட்டியா, சாய்ச்சா?" என்று கேட்டான். "மேல் பக்கம்தான் ஓட்டையா இருக்கும். கோப்புல பதினோராவது பிரிவு. குழாய் துளைபட்டால்." எழுந்து கோப்பை எடுக்கப் போனவன் பாதி வழியில் நின்றான். அப்போதுதான் அவனுக்குக் கடிதம் ஞாபகம் வந்தது. மூன்று பக்கமும், இரண்டு வரைபடமும், அடிக்குறிப்புகளும் ஒன்றன்பின் ஒன்றாக அவன் முகத்தில் வந்து போயின. "யோலா," என்றான். "அதுல நான் ஐயம்னு எழுதினேனா, சந்தேகம்னு எழுதினேனா?"

"நியாயமான ஐயம்னு எழுதினே."

அவன் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டான்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் மூன்று பேரும் எட்மண்ட் வீட்டுக்குப் போனார்கள். எட்மண்டின் மனைவி தேநீரும் ஆப்பிள் கேக்கும் வைத்தாள். எட்மண்ட் ஒன்றும் வைக்கவில்லை, ஒரு முறைப்பைத் தவிர. வித்தோல்ட் சட்டைப் பையிலிருந்து காகிதம் ஒன்றை விரித்துத் தொண்டையைக் கனைத்தான்.

"மடிச்சு வைங்க," என்றார் எட்மண்ட். "உங்க காகிதத்தை நான் படிச்சாச்சு. வாயால சொல்லுங்க."

பள்ளிக்கூடத்தில் இருபத்திரண்டு வருஷம் தப்புத் திருத்தியவன். தப்பை ஒப்புக்கொண்டு பழக்கமில்லை. "ஒரு தவறு நேர்ந்துவிட்டது," என்று ஆரம்பித்தான்.

"தானா நேர்ந்துதா?"

"நான் பண்ணிட்டேன்."

"என்ன பண்ணினீங்க?"

"உங்களைச் சந்தேகப்பட்டேன். விசாரிக்காம எழுதினேன். மன்னிச்சிடுங்க."

"உங்க ரெண்டாவது வரைபடம் அழகா இருந்துது சார்," என்றாள் எட்மண்டின் மனைவி கேக்கை வெட்டியபடி. "அக்கம்பக்கத்துல எல்லாருக்கும் காட்டினேன்."

வித்தோல்ட் காது வரை சிவந்துபோய்த் தேநீரைக் குடித்தான். பிறகு போலெக் தன் பங்கைச் சொன்னான். பெருச்சாளி, ஆவி, ஒட்டு எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னான். பெருச்சாளி வந்தபோது எட்மண்டின் மீசை லேசாக அசைந்தது.

"செவ்வாய்க்கிழமை வரேன்," என்றார்.

செவ்வாய்க்கிழமை வந்து பன்றியைக் கழற்றினார். டைல்ஸ் இரண்டைப் பெயர்த்து, மின்சார உளியால் மேல் காங்கிரீட்டை உடைத்தார். குழாய்க்கு இரண்டு சென்டி மேலே வந்ததும் மிஷினை நிறுத்திவிட்டார். இனிமேல் கையால் கொத்தினால்தான் குழாய் தப்பும். சின்ன உளியை எடுத்துக் குனிந்தார். உளிமுனை நடுங்கியது. இடது கையால் வலது கையைப் பிடித்துக்கொண்டார். அப்படியும் நடுங்கியது. யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக்கொண்டு ஒரு நிமிஷம் சும்மா இருந்தார். மூன்று பேரும் பார்த்தார்கள்.

"நான் பண்றேன்," என்றான் போலெக்.

"நீ பண்ணினதைத்தான் இப்ப சரி பண்ணிக்கிட்டிருக்கோம்," என்றான் வித்தோல்ட்.

எட்மண்ட் போலெக்கை ஏற இறங்கப் பார்த்தார். என்ன நினைத்தாரோ, உளியை நீட்டினார்.

போலெக் குப்புறப் படுத்துக்கொண்டான். தட்டித் தட்டி, பொடியை ஊதி, கல்லைக் கல்லாக விரல்நுனியால் எடுத்து ஒரு தட்டில் வைத்தான். ஒரு வார்த்தை பேசவில்லை. யோலந்தா தன் அண்ணன் அவ்வளவு நேரம் வாயை மூடி இருந்து பார்த்தது, அவனுக்கு ஏழு வயதில் அம்மைக்கட்டு வந்தபோதுதான். இரண்டு மணி நேரத்தில் முன்னங்கை நீளத்துக்குக் குழாய் வெளியே தெரிந்தது. கழுவி வைத்தது மாதிரி இருந்தது. நடுவில் டிரில் போட்ட ஒரு ஓட்டை. அதைத் தவிர ஒரு கீறல் இல்லை.

எட்மண்ட் கண்ணாடியை மாட்டிக்கொண்டு மண்டியிட்டுப் பார்த்தார். விரலால் குழாயைத் தடவினார்.

"இதை எங்க கத்துக்கிட்டீங்க?"

போலெக் வித்தோல்ட்டைப் பார்க்காமல் சொன்னான். "மீன்ல."

"நார்வேயில கட்டட வேலைன்னு சொன்னியே," என்றான் வித்தோல்ட்.

"நான் சொல்லல மாப்ளே. பக்கத்துல ஒரு கட்டடம் கட்டிக்கிட்டிருந்தாங்க. ஜன்னல் வழியா பார்ப்பேன்."

"அவங்க எவ்வளவு தெர்மாகோல் போட்டாங்க?"

"அவ்வளவு தூரம் தெரியல."

எட்மண்ட் பழுதான துண்டை வெட்டியெடுத்து, புதுத் துண்டு வைத்து, இரு பக்கமும் பித்தளை இணைப்பு போட்டு இறுக்கினார். முப்பது வருஷத்தில் தான் போடும் முதல் ஒட்டு இதுதான் என்று வித்தோல்ட்டுக்குக் கேட்கும்படி சொன்னார். முள்ளை ஆறில் நிறுத்தினார். நாளைக்கு இதே நேரம் வரை நின்றால்தான் மூட வேண்டும் என்றார்.

அதற்குள் யோலந்தா இறைச்சி வைத்த உருளைக்கிழங்குக் கொழுக்கட்டை பண்ணியிருந்தாள். எட்மண்ட் நான்கு சாப்பிட்டார். ஐந்தாவதை முள்கரண்டியில் குத்திவிட்டுப் போலெக் பக்கம் திரும்பினார்.

"மார்ச்ல அவுகுஸ்துவ் ஊர்ல ஒரு பல் டாக்டர் வீடு. பதினோரு சுத்து. என் கையை நீங்க பார்த்தீங்க."

"பார்த்தேன்."

"முட்டி போட்டு வேலை செய்யணும். நாள் முழுக்க."

"சரி."

"பேச்சைக் குறைக்கணும்."

"எவ்வளவு?"

"பாதி."

போலெக் உண்மையாகவே யோசித்தான். "பாதி முடியும்," என்றான்.

மறுநாள் முள் ஆறிலேயே நின்றது. குழியை மூடினார்கள். இரண்டு டைல்ஸும் மற்றவற்றோடு நிறம் ஒத்துப்போகவில்லை. கடையில் அந்த ரகம் தீர்ந்துவிட்டதாம். வித்தோல்ட்டுக்கு அது உறுத்திக்கொண்டே இருந்தது. யோலந்தாவுக்கு உறுத்தவில்லை.

மார்ச் மாதம் ஒருத்தி விடுப்பில் போனதால் அவுகுஸ்துவ் தடத்தையும் யோலந்தாவே பார்க்க வேண்டியிருந்தது. பல் டாக்டரின் புது வீட்டுக்குப் பதிவுத் தபால் ஒன்று இருந்தது. கதவு இன்னும் வைக்கவில்லை. உள்ளே வெள்ளைத் தெர்மாகோல்மேல் இரண்டு பேர் முதுகு காட்டி மண்டியிட்டிருந்தார்கள். எட்மண்ட் குழாய்ச் சுருளைப் பிரித்துக் கொடுத்துக்கொண்டே வந்தார். போலெக் அதை வளைத்து வளைத்துப் பதித்துக்கொண்டே போனான். டாக்டர் வாசலில் நின்று, இதை நீங்கள் எத்தனை வருஷமாகச் செய்கிறீர்கள் என்று கேட்டார்.

"மூணு வாரமா," என்றான் போலெக் திரும்பாமல்.

டாக்டர் பதறிப்போய் எட்மண்டைப் பார்த்தார். எட்மண்ட் தலையை மட்டும் ஆட்டினார். யோலந்தா தபாலை நீட்டிக் கையெழுத்து வாங்கிக்கொண்டாள். அண்ணனைக் கூப்பிடவில்லை. அடுத்த தெருவுக்கு இன்னும் முப்பது கடிதம் இருந்தது.